ஒரே கப்பல், பதினொரு பெயர்கள்: அஸ்டோரியா பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1948-ல் ஸ்வீடனிலிருந்து முதல் பயணம் கிளம்பி, 2025-ல் பெல்ஜியத்தின் உடைப்புத் துறைக்குப் போய்ச் சேர்ந்த ஒரு பயணிகள் கப்பலைப் பற்றிய பக்கம் இது. அஸ்டோரியா என்று பேச்செடுத்தாலே எல்லோரும் ஏறத்தாழ ஒரே சந்தேகங்களைத்தான் கேட்கிறார்கள். கேட்டவர்கள் கேட்ட வார்த்தைகளிலேயே கேள்விகளைப் போட்டிருக்கிறேன். எளியவை முதலில் வரும், சிக்கலானவை போகப்போக வரும். முன்பே சொன்னதைத் திரும்பச் சொல்லாமல் அந்தப் பதிலையே சுட்டியிருக்கிறேன்.

அஸ்டோரியான்னு ஒரு கப்பலா? பேரே கேட்ட மாதிரி இல்லையே.

ஆந்த்ரியா டோரியா மூழ்கிய கதை தெரியுமா? 1956 ஜூலை 25 இரவு, அமெரிக்காவின் நான்டக்கெட் தீவுக்குத் தெற்கே, மூடுபனிப் பகுதியில் அந்த இத்தாலியச் சொகுசுக் கப்பலின் மீது மோதியது ஸ்டாக்ஹோம் என்ற ஸ்வீடன் கப்பல். ஆந்த்ரியா டோரியா மறுநாள் காலை மூழ்கிப்போனது. ஸ்டாக்ஹோம் பிழைத்தது. அந்த ஸ்டாக்ஹோம்தான் கடைசியில் அஸ்டோரியா.

மூழ்கிய கப்பலைப் பற்றித்தான் உலகம் பேசியது. பிழைத்த கப்பலோ அதற்குப் பிறகு இன்னும் அறுபத்து நான்கு ஆண்டுகள் பல நாடுகளின் கொடியில், பல முதலாளிகளின் கீழ் ஓடியது. எனக்கு அந்த இரண்டாவது கதையில்தான் ஆர்வம்.

மொத்தம் எத்தனை பேர் வெச்சாங்க? வரிசையா சொல்லுங்க.

ஸ்டாக்ஹோம் (1948), ஃபோல்க்கர்ஃப்ராய்ண்ட்ஷாஃப்ட் (1960), ஃபோல்க்கர் (1985), ஃப்ரித்யோஃப் நான்சென் (1986), இத்தாலியா ஒன்று (1989-க்குப் பின்), இத்தாலியா ப்ரிமா (1994), வால்ட்டூர் ப்ரிமா (1990-களின் கடைசி), கரீபே (2002), அதீனா (2005), அசோர்ஸ் (2013), அஸ்டோரியா (2016). ஆகப் பதினொன்று. நடுவில் வந்த சில பெயர்கள் ஒருசில ஆண்டுகளே நின்றன.

ஒவ்வொரு தடவையும் ஏன் பேரை மாத்தணும்? பழைய பேரே இருந்தா என்ன?

வாங்குபவர் கப்பலை வாங்குகிறார், பெயரை வாங்குவதில்லை. பல நிறுவனங்கள் தங்கள் கப்பல்களுக்கு ஒரு குடும்பப் பெயர் வைத்திருக்கும். விற்றாலும் அந்தப் பெயரை விட்டுக்கொடுக்க மாட்டார்கள், அடுத்த கப்பலுக்கு வேண்டும். வாங்குபவருக்கும் தன் சந்தைக்கு ஏற்ற பெயர் வேண்டும். வால்ட்டூர் என்பது ஒரு இத்தாலியச் சுற்றுலா நிறுவனத்தின் பெயர். விளம்பரத்தையே கப்பலின் முன்பக்கத்தில் எழுதி ஓட்டினார்கள்.

இந்தக் கப்பலுக்கு இன்னொரு காரணமும் உண்டு. ஸ்டாக்ஹோம் என்ற பெயரோடு ஒரு விபத்து ஒட்டிக்கொண்டிருந்தது. 1989-ல் அது இத்தாலிக்கு இழுத்து வரப்பட்டபோது, அந்த ஊர்ப் பத்திரிகைகள் இதைச் ‘சாவுக் கப்பல்’ என்று எழுதின. ஆந்த்ரியா டோரியாவின் தாய்த்துறைமுகமான ஜெனோவாவுக்கே அது வந்து சேர்ந்தது. அங்கே பழைய பெயரைத் திரும்ப வைக்க யாருக்கும் மனம் வந்திருக்காது.

இடிச்சது இந்தக் கப்பல்தானே? அப்ப தப்பும் இது மேலதானே?

எங்கும் முதலில் வரும் கேள்வி இதுதான். சட்டப்படி யார் குற்றவாளி என்று எந்த நீதிமன்றமும் தீர்ப்பு சொல்லவில்லை. நியூயார்க்கில் விசாரணை நடந்துகொண்டிருந்தபோதே இரு நிறுவனங்களும் வெளியே பேசி முடித்துக்கொண்டன.

நடந்தது இதுதான். இரண்டு கப்பல்களும் ரேடாரில் ஒன்றையொன்று பார்த்துவிட்டன. ஸ்டாக்ஹோம் பக்கம், வலதுபுறம் திரும்பி இடப்பக்கம் இடப்பக்கமாகக் கடந்துவிடலாம் என்று கணக்குப் போட்டார்கள். ஆந்த்ரியா டோரியா பக்கம், இடதுபுறம் விலகி வலப்பக்கமாகக் கடக்கலாம் என்று நினைத்தார்கள். ஒருவர் விலகுவதாக எண்ணிய திசையிலேயே மற்றவரும் வந்துகொண்டிருந்தார். ஸ்டாக்ஹோம் நியூயார்க்கிலிருந்து கிழக்கே போகும் கப்பல். பரிந்துரைக்கப்பட்ட தடத்துக்கு வெகு வடக்கே போய்க்கொண்டிருந்தது. அந்தத் தடங்கள் கட்டாயம் இல்லை, ஆனால் எதிரில் வருபவர்கள் அங்கே இதை எதிர்பார்த்திருக்க மாட்டார்கள். ஆந்த்ரியா டோரியாவோ அடர்ந்த மூடுபனியிலும் வேகத்தைக் கொஞ்சம்தான் குறைத்திருந்தது. காலியான எரிபொருள் தொட்டிகளில் கடல்நீர் நிரப்பாததால், அடிபட்டதும் அளவுக்கு மீறிச் சாய்ந்தது. ஒரு பக்கத்து உயிர்காப்புப் படகுகளை இறக்கவே முடியவில்லை.

ஸ்டாக்ஹோமின் மூன்றாம் அதிகாரி ரேடாரின் தூர அளவைத் தவறாகப் படித்தாரா என்ற விவாதம் பின்னாளில் நிறைய நடந்தது. இரண்டு பக்கமும் பிழை இருந்தது என்பதே என் முடிவு. ஒன்று மட்டும் சொல்ல வேண்டும்: மோதிய பிறகு ஸ்டாக்ஹோம் அங்கேயே நின்று ஐந்நூறுக்கும் மேற்பட்டவர்களைத் தன்னிடம் ஏற்றிக்கொண்டது. தன் முன்பகுதி நசுங்கிக் கிடந்த நிலையில் செய்த வேலை அது. அன்றிரவு ஆந்த்ரியா டோரியாவில் 46 பேரும் ஸ்டாக்ஹோமில் 5 பேரும் இறந்தார்கள். ஆந்த்ரியா டோரியாவில் இருந்த ஆயிரத்து எழுநூறு பேரில் ஏறத்தாழ எல்லோரும் காப்பாற்றப்பட்டார்கள்.

முன்னாடி நசுங்கின கப்பல் எப்படி மூழ்காம போச்சு?

பனிக்கட்டி மிதக்கும் வடகடல்களுக்காகக் கட்டிய கப்பல் அது. அணியம், அதாவது கப்பலின் முன்முனை, வழக்கத்தைவிடக் கனமான இரும்புத் தகடுகளால் வலுப்படுத்தப்பட்டிருந்தது. மோதியபோது ஆந்த்ரியா டோரியாவின் பக்கச்சுவரைக் கிழித்ததும் அந்த வலுதான். முன்பகுதி சுருங்கி நொறுங்கினாலும் அதற்குப் பின்னால் இருந்த நீர்புகாத் தடுப்புச்சுவர் தாங்கியது. அதனால் தன் சொந்த இயந்திர பலத்திலேயே நியூயார்க் திரும்பியது. புரூக்ளினில் பெத்லஹேம் ஸ்டீல் கப்பல் தளத்தில் புது முன்முனை பொருத்தி, அந்த ஆண்டு டிசம்பரிலேயே மீண்டும் ஓடியது.

நொறுங்கிய முன்முனைக்குள் உயிரோடு ஒரு சிறுமி கிடைத்ததும் இதே இரவில்தான். பதினான்கு வயது. ஆந்த்ரியா டோரியாவில் தன் அறையில் தூங்கிக்கொண்டிருந்தவள், மோதலில் ஸ்டாக்ஹோமின் அணியத்துக்குத் தூக்கி வரப்பட்டிருந்தாள்.

அவ்வளவு உறுதியான கப்பலை ஸ்வீடன்காரங்க பன்னிரண்டே வருஷத்துல வித்தது ஏன்?

அளவுதான் காரணம். கோத்தன்பர்க்கின் கோட்டாவெர்க்கன் தளத்தில் 1946-ல் நீரில் இறக்கப்பட்டபோது, ஸ்வீடனில் அதுவரை கட்டப்பட்ட பயணிகள் கப்பல்களில் பெரியது இதுதான். ஆனால் அட்லாண்டிக் பெருங்கடலைக் கடக்கும் கப்பல்களோடு வைத்துப் பார்த்தால் மிகச் சிறியது. நீளம் 160 மீட்டர், மொத்தக் கொள்ளளவு சுமார் 12,000 டன். ஆரம்பத்தில் 395 பயணிகளுக்கே இடம், மீதி சரக்கு. போர் முடிந்த கையோடு சிக்கனமாகத் திட்டமிட்ட கப்பல். வடஅட்லாண்டிக் அலையில் பலமாக உருளும் என்ற பெயரும் எடுத்தது.

1953-லும் 1957-லும் இதை ஓட்டிய ஸ்வீடன் நிறுவனத்துக்குப் பெரிய, சொகுசான புதுக் கப்பல்கள் வந்துவிட்டன. விமானமும் பயணிகளைப் பிடித்துக்கொண்டிருந்தது. அதனால் 1960-ல் விற்றுவிட்டார்கள். விபத்தால்தான் விற்றார்கள் என்று சொல்வது பொருந்தாது. மோதலுக்குப் பிறகும் மூன்று ஆண்டுகள் அதே வழித்தடத்தில் ஓட்டிய பிறகே விற்றார்கள்.

கம்யூனிஸ்ட் நாட்டுக்கு எதுக்குங்க உல்லாசக் கப்பல்?

வாங்கியது கிழக்கு ஜெர்மனி. ஃபோல்க்கர்ஃப்ராய்ண்ட்ஷாஃப்ட் என்றால் மக்களிடையே நட்பு என்று பொருள். நாட்டின் தொழிற்சங்கக் கூட்டமைப்பு நன்றாக உழைத்தவர்களுக்குப் பரிசாக இதில் விடுமுறைப் பயணம் கொடுத்தது. உழைப்பாளிக்கும் கடற்பயணம் கிடைக்கும் என்று காட்டுவது அரசியல் நோக்கம். இந்தக் கப்பலின் வரலாற்றில் மிக நீண்ட கட்டம் இதுதான், ஏறக்குறைய இருபத்தைந்து ஆண்டுகள்.

1961-ல் பெர்லின் சுவர் எழுந்த பிறகு நிலைமை மாறியது. மேற்கு நாட்டுத் துறைமுகத்தில் இறங்கினால் பயணி திரும்பி வருவாரா என்ற கவலை அரசுக்கு. பயணத் தடங்கள் சுருங்கின. கடலில் குதித்து மேற்குக்குத் தப்பியவர்களும் உண்டு. பரிசாகக் கொடுத்த கப்பலிலிருந்து ஆட்கள் குதித்தார்கள் என்பதைப் படிக்கும்போதெல்லாம் மனசு கனக்கிறது. இன்னொரு பக்கம், மேற்கத்திய நாணயம் ஈட்டுவதற்காக இதே கப்பலை ஸ்வீடன் நிறுவனமான ஸ்டேனாவுக்கு வாடகைக்கும் விட்டார்கள். பிறந்த நாட்டுப் பயணிகளே வாடகைக் கப்பலில் வந்து ஏறினார்கள்.

கியூபா ஏவுகணை நெருக்கடியில இந்தக் கப்பல் மாட்டிக்கிச்சுன்னு படிச்சேன். உண்மையா, கட்டுக்கதையா?

உண்மைதான். 1962 அக்டோபரில் அமெரிக்கக் கடற்படை கியூபாவைச் சுற்றித் தடுப்பு வளையம் போட்டபோது, ஃபோல்க்கர்ஃப்ராய்ண்ட்ஷாஃப்ட் பயணிகளோடு கியூபாவை நோக்கிப் போய்க்கொண்டிருந்தது. நிறுத்திச் சோதிக்க வேண்டுமா என்று வெள்ளை மாளிகையில் கென்னடியும் ஆலோசகர்களும் விவாதித்தார்கள். பயணிகள் நிரம்பிய கப்பலைத் தடுக்கப்போய் உயிர்ச்சேதம் ஆகிவிட்டால் என்ன ஆகும் என்ற அச்சத்தில், விட்டுவிடச் சொன்னார் கென்னடி. ஆறே ஆண்டுகளில் இரண்டு முறை உலகச் செய்தியாக இருந்த வேறு பயணிகள் கப்பல் எனக்கு உடனே நினைவுக்கு வரவில்லை.

கியூபா இதன் வாழ்வில் மறுபடியும் வரும். வால்ட்டூர் ப்ரிமாவாக இருந்தபோது இத்தாலியச் சுற்றுலாப் பயணிகளை ஏற்றிக்கொண்டு அதே தீவைச் சுற்றித்தான் ஓடியது.

நடுவுல அகதி முகாமா இருந்ததாமே?

ஆமாம். 1985-ல் கிழக்கு ஜெர்மனி அர்கோனா என்ற இன்னும் புதிய கப்பலை வாங்கிவிட்டு இதை விற்றது. பனாமாவில் பதிவான ஒரு நிறுவனத்தின் கைக்குப் போய், கொஞ்ச காலம் இங்கிலாந்தின் சவுத்தாம்ப்டனில் சும்மா நின்றது. பிறகு நார்வேயின் ஆஸ்லோவில் தஞ்சம் கேட்டு வந்தவர்கள் தங்கும் இடமானது. அப்போது வைத்த பெயர் ஃப்ரித்யோஃப் நான்சென். துருவப் பயணி மட்டுமா அவர், உலக நாடுகள் சங்கத்தின் முதல் அகதிகள் உயர் ஆணையர், 1922-ல் அமைதிக்கான நோபல் பரிசு பெற்றவர். இந்தப் பதினொரு பெயர்களில் பொருத்தமான பெயர் எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

நின்றுகொண்டே இருக்கும் கப்பலுக்குப் பயணச் சான்றிதழ்களின் கெடுபிடி குறைவு. அறை, சமையல்கூடம், வெந்நீர், மின்சாரம் எல்லாம் தயாராக இருக்கும். அதனால் வயதான பயணிகள் கப்பல்கள் பலவற்றுக்கு இப்படி ஒரு இடைக்கால வேலை கிடைப்பது வழக்கம்தான்.

இத்தாலியில கப்பலை எலும்புக்கூடா ஆக்கி மறுபடி கட்டினாங்கன்னு சொல்றாங்க. எதுக்கு அவ்வளவு செலவு? புதுசே வாங்கலாமே?

இந்தக் கப்பல் 2020 வரை ஓடியதற்குக் காரணம் கேட்டால் நான் இந்தக் கட்டத்தைத்தான் காட்டுவேன். 1989-ல் ஸ்டார்லவுரோ என்ற இத்தாலிய நிறுவனம் வாங்கி ஜெனோவாவுக்கு இழுத்து வந்தது. அடுத்த சில ஆண்டுகளில் மேற்கட்டுமானத்தை அகற்றி, உள்ளே இருந்ததையெல்லாம் வெளியே எடுத்தார்கள். மிஞ்சியது நீரில் மிதக்கும் உடற்கூடு மட்டும். அதன்மேல் புதிய தளங்கள், புதிய அறைகள், புதிய இயந்திரங்கள் வந்தன. பழைய கோட்டாவெர்க்கன் டீசல் இயந்திரங்களின் இடத்தில் வார்ட்சிலா இயந்திரங்கள் உட்கார்ந்தன. பின்புறத்தில், நீர்மட்டத்தை ஒட்டி அகலமான ஒரு நீட்சியைச் சேர்த்தார்கள். உயரமான புதுத் தளங்களின் பாரத்துக்கு ஈடாக மிதப்பையும் நிலைத்தன்மையையும் அது கொடுத்தது. பழைய படங்களில் கூரான முன்முனையும் மெல்லிய உடலும் பார்த்துப் பழகியவர்களுக்கு அந்தப் பின்பகுதி அழகாகத் தெரியாது. எனக்கும் தெரியாது. ஆனால் அது இல்லாமல் கப்பல் இல்லை.

புதிதாகக் கட்டுவதைவிட, நல்ல கூடு கையில் இருக்கும்போது மறுகட்டுமானம் மலிவு, காத்திருக்கும் காலமும் குறைவு. ஐந்தாவது பதிலில் சொன்ன அந்தக் கனமான தகடுகள் இங்கேதான் இரண்டாம் முறை உதவின. நாற்பது ஆண்டுக்குப் பிறகும் மேலே ஒரு புதுக் கப்பலைக் கட்டும் அளவுக்கு உடல் நன்றாக இருந்தது.

இன்னொரு நன்மை அப்போது யாருக்கும் பெரிதாகத் தெரிந்திருக்காது. கடலில் உயிர்ப் பாதுகாப்புக்கான சர்வதேச ஒப்பந்தம், எரியக்கூடிய மரம் முதலியவற்றால் உள்ளே கட்டப்பட்ட பழைய பயணிகள் கப்பல்களை 2010 அக்டோபர் 1-க்குப் பிறகு சர்வதேசப் பயணத்துக்கு அனுமதிக்கவில்லை. மர வேலைப்பாடுகளுக்குப் பெயர்பெற்ற எத்தனையோ அழகான கப்பல்கள் அந்தத் தேதியோடு முடிந்தன. 1994-ல் உள்ளே முழுக்கப் புதிதாகக் கட்டப்பட்டிருந்ததால் இது தாண்டிவிட்டது.

அப்படின்னா அது பழைய கப்பலே இல்லையே! ஏன் ‘1948 கப்பல்’னு பெருமை பேசணும்?

நியாயமான கேள்வி. முன்முனை 1956-ல் மாறியது, இயந்திரமும் உட்புறமும் 1994-ல் மாறின. பெயர் பதினொன்று, கொடிகள் பல. இருந்தும் பதிவேடு அதை ஒரே கப்பலாகத்தான் பார்க்கிறது. அடிப்பாகமும் பக்கச்சுவர்களும் சேர்ந்த உடல் தொடர்ந்து இருக்கும்வரை கப்பலின் அடையாளம் தொடர்கிறது. அதற்குக் கொடுத்த ஐ.எம்.ஓ. எண், அதாவது சர்வதேசக் கடல்சார் அமைப்பின் அடையாள எண், 5383304 கடைசிவரை மாறவில்லை. உரிமையாளர், கொடி, பெயர் எது மாறினாலும் அந்த எண் மாறாது. பெயரை மாற்றிப் பழைய வரலாற்றை மறைக்க முடியாதபடி செய்வதும் அந்த எண்ணின் நோக்கங்களில் ஒன்று.

பெருமை பேசலாமா என்றால், எதைப் பற்றி என்பதைப் பொறுத்தது. 1948-ன் வரவேற்பறையைப் பார்க்கலாம் என்று நம்பி ஏறியவர்கள் ஏமாந்திருப்பார்கள். விளம்பரங்கள் சில நேரம் அந்த நம்பிக்கையை ஊட்டின, அது எனக்குப் பிடிக்கவில்லை. நீர்மட்டத்துக்குக் கீழே உள்ள அந்த உடல், ஏழு பதிற்றாண்டுகள் உப்புத்தண்ணீரில் கிடந்த அதே உடல். அதற்குப் பெருமைப்படுவதில் தவறே இல்லை.

முதலாளி ஒருத்தர், ஓட்டுறவர் ஒருத்தர், டிக்கெட் விக்கிறவர் ஒருத்தர். ஒரே குழப்பமா இருக்கே?

கப்பல் உலகில் இது சாதாரணம். ஒருவர் கப்பலின் சொந்தக்காரர். இன்னொருவர் மாலுமிகளையும் பராமரிப்பையும் பார்த்துக்கொள்ளும் மேலாளர். மூன்றாமவர் குறிப்பிட்ட காலத்துக்கு வாடகைக்கு எடுத்துத் தன் பயணிகளை ஏற்றுபவர். பெயர்ப்பலகையில் பயணி பார்ப்பது பெரும்பாலும் மூன்றாமவரை.

அஸ்டோரியா காலம் நல்ல எடுத்துக்காட்டு. பெயரும் விளம்பரமும் பிரிட்டனின் குரூஸ் அண்ட் மாரிடைம் வாயேஜஸ் நிறுவனத்துடையது. கப்பல் அவர்களுடையது இல்லை, போர்ச்சுகல் பக்கத்து உரிமையாளர்களிடமிருந்து வாடகைக்கு எடுத்தது. இதனால்தான் வாடகைக்காரர் திவாலானாலும் கப்பல் உடனே விற்கப்படுவதில்லை, உரிமையாளரிடம் திரும்பிப் போகிறது.

சோமாலியா கடற்கொள்ளைக்காரங்க தாக்கினாங்களாமே?

2008 டிசம்பர் 3. அதீனா என்ற பெயரில் ஏடன் வளைகுடாவைக் கடக்கும்போது ஏராளமான கொள்ளைப் படகுகள் சூழ்ந்துகொண்டன. மாலுமிகள் தீயணைப்புக் குழாய்களால் தண்ணீரைப் பீய்ச்சி யாரையும் ஏறவிடாமல் தடுத்தார்கள். யாருக்கும் காயமில்லை.

2012-ல மார்செய்ல கப்பலைக் கைது பண்ணாங்களாம். கப்பலை எப்படிங்க கைது பண்றது?

கடல் சட்டத்தில் கடன் பல நேரம் கப்பலையே பிடித்துக்கொள்கிறது. எரிபொருள் கொடுத்தவர், பழுது பார்த்தவர், சம்பளம் கிடைக்காத மாலுமி என யாருக்குப் பாக்கி இருந்தாலும், கப்பல் நிற்கும் துறைமுகத்தின் நீதிமன்றத்தில் முறையிட்டு அது நகராமல் தடுக்கலாம். பணம் கட்டினாலோ பிணை கொடுத்தாலோ விடுவிப்பார்கள். இல்லாவிட்டால் நீதிமன்றமே விற்றுக் கடனை அடைக்கும். மாலுமிகளின் சம்பளத்துக்குப் பெரும்பாலான நாடுகள் முன்னுரிமை தருகின்றன.

அதீனாவை நடத்திய போர்ச்சுகல் நிறுவனம் பழைய கப்பல்களை நேசித்து வாங்கி ஓட்டியது. நிறுவனர் 2012-ல் காலமானார். கட்டாத பாக்கிகளுக்காக அந்தச் செப்டம்பரில் கப்பல் மார்செய் துறைமுகத்தில் நிறுத்தப்பட்டது, ஆண்டு முடிவதற்குள் நிறுவனமும் விழுந்தது. போர்ட்டஸ்கேல் என்ற புது போர்ச்சுகல் நிறுவனம் 2013-ல் வாங்கி அசோர்ஸ் என்று பெயரிட்டது. சிக்கலில் மாட்டும் ஒவ்வொரு முறையும் அடுத்தவருக்கு இன்னும் மலிவாகக் கிடைக்கும். இந்த வகைக் கப்பல்கள் கை மாறிக்கொண்டே இருப்பதன் பொருளாதாரம் இதுதான்.

எழுபது வயசுக் கப்பல்ல போறது ஆபத்தில்லையா?

வயதைவிடப் பராமரிப்புதான் முக்கியம். பயணிகள் கப்பலுக்கு ஆண்டுதோறும் பாதுகாப்புச் சான்றிதழ் புதுப்பிக்க வேண்டும். ஐந்து ஆண்டுக்கு ஒரு முறை முழு ஆய்வு, அந்தக் காலத்துக்குள் கப்பலைத் தண்ணீருக்கு வெளியே ஏற்றி அடிப்பாகச் சோதனை குறைந்தது இரண்டு முறை. தகடுகளின் தடிமனை மீயொலிக் கருவியால் அளந்து, மெலிந்த இடங்களை வெட்டி எடுத்துப் புதுத் தகடு வைப்பார்கள். கப்பலின் வயது கூடக்கூட அளக்க வேண்டிய இடங்களும் கூடும். அதனால் வயதான கப்பல் தகுதியோடு ஓடுகிறது என்றால், யாரோ தொடர்ந்து பணம் செலவழிக்கிறார்கள் என்று பொருள். பணம் நிற்கும்போதுதான் பயப்பட வேண்டும்.

பெரும்பாலான அறைக்குப் பால்கனி கிடையாது, நீச்சல் சறுக்கு கிடையாது. யாருங்க டிக்கெட் வாங்கினாங்க?

மூவாயிரம் பேர் போகும் கப்பலில் கூட்டத்தைப் பார்த்து அலுத்தவர்கள். சுமார் ஐந்நூற்றைம்பது பேருக்கான கப்பல் சின்னத் துறைமுகங்களுக்கும் குறுகிய கடற்கால்களுக்கும் போகும், பெரிய கப்பல்களால் முடியாது. பிரிட்டன், ஜெர்மனி, பிரான்ஸ் நாடுகளில் இதை விரும்பும் மூத்த பயணிகள் திரும்பத் திரும்ப வந்தார்கள். ஆனால் ஆள் குறைவு என்றால் வருமானமும் குறைவு. மாலுமிகள், எரிபொருள், துறைமுகக் கட்டணம் ஆகிய செலவுகளை ஐந்நூறு பேர் மீது பங்கிட வேண்டும். ஒரு மோசமான பருவம் வந்தால் தாங்காது என்ற ஆபத்து எப்போதும் கூடவே இருந்தது.

கொரோனாதான் இதை முடிச்சதா?

முடிவை முன்கூட்டியே கொண்டுவந்தது. குரூஸ் அண்ட் மாரிடைம் வாயேஜஸின் வாடகை 2020 இலையுதிர் காலத்தோடு முடிவதாக முன்பே அறிவிப்பு வந்திருந்தது. பெருந்தொற்றில் பயணங்கள் நின்றன, ஜூலை 2020-ல் நிறுவனமே திவாலானது. கப்பல் நெதர்லாந்தின் ராட்டர்டாம் துறைமுகத்தில் கட்டிப்போடப்பட்டுக் கிடந்தது. அமெரிக்க முதலீட்டாளர்கள் வாங்கி மறுபடி ஓட்டப்போவதாக 2021-ல் செய்தி வந்தது, கைகூடவில்லை.

கட்டிப்போட்ட கப்பல் வேகமாகக் கெடும். இயந்திரங்கள் ஓடாமல் துருப்பிடிக்கும், சான்றிதழ்கள் காலாவதியாகும். ஒவ்வொரு ஆண்டும் மீண்டும் ஓட்டும் செலவு கூடிக்கொண்டே போகும். இதன் கணக்கு அங்கேயே தீர்ந்துவிட்டது.

இவ்வளவு வரலாறு இருக்கே, அருங்காட்சியகமா வெச்சிருக்கலாமே?

எனக்கும் ஆசைதான். ஆனால் நின்றுபோன பெரிய கப்பல்களைப் பாருங்கள். குயின் மேரி 1967 முதல் லாங் பீச்சில் இருக்கிறது, ராட்டர்டாம் என்ற கப்பல் தன் தாய்த்துறைமுகத்தில் விடுதியாக இருக்கிறது, குயின் எலிசபெத் 2 துபாயில் விடுதியாகியிருக்கிறது. மூன்றுக்கும் உள்ளே பார்க்க அசல் அழகு உண்டு, ஆதரிக்க ஒரு நகரமும் உண்டு. பயண வேகத்தில் பெயர்பெற்ற யுனைடெட் ஸ்டேட்ஸ் கப்பலைக்கூடக் காப்பாற்ற முடியாமல், மூழ்கடித்துச் செயற்கைப் பாறைத்திட்டாக்க 2025-ல் ஃபிலடெல்ஃபியாவிலிருந்து இழுத்துப் போனார்கள்.

அஸ்டோரியாவுக்கு அந்த இரண்டுமே இல்லை. உட்புறம் 1994-ன் உட்புறம். எந்த ஊரும் தன் கப்பல் என்று சொல்ல முன்வரவில்லை. ஸ்வீடனுக்கு அது பழைய விபத்து, கிழக்கு ஜெர்மனி என்ற நாடே இல்லை. மறுகட்டுமானம் கொடுத்த ஆயுள்தான் அருங்காட்சியகம் ஆகும் வாய்ப்பைப் பறித்தது.

மத்த கப்பலெல்லாம் அலங்குக்குப் போச்சே, இது மட்டும் ஏன் பெல்ஜியம்?

குரூஸ் அண்ட் மாரிடைம் வாயேஜஸ் ஓட்டிய மார்கோ போலோவும் மெகல்லனும் 2021-ல் குஜராத்தின் அலங் கடற்கரையில் உடைக்கப்பட்டன. அவை வேறு உரிமையாளரிடம் கைமாறிய பிறகே அங்கே போயின. அஸ்டோரியா ஐரோப்பிய ஒன்றியத் துறைமுகத்தில் பல ஆண்டுகள் கிடந்து, உடைப்பதற்கென்றே விற்கப்பட்டது. அப்படிப்பட்ட கப்பலை ஐரோப்பியச் சட்டம் அபாயகரமான கழிவாகப் பார்க்கிறது, வளரும் நாடுகளுக்கு அனுப்பத் தடை. ஐரோப்பிய ஒன்றியம் அங்கீகரித்த உடைப்புத் தளங்களின் பட்டியல் உண்டு. கென்ட் நகரின் காலூ தளம் அதில் இருக்கிறது, 2025 ஜூலையில் இழுத்துச் செல்லப்பட்டது அங்கேதான். தொழிலாளர்கள் உடலுக்கு அதுவே நல்லது. பழைய கப்பல்களில் கல்நார், அதாவது அஸ்பெஸ்டாஸ், இருக்க வாய்ப்பு அதிகம்.

வேற பழைய கப்பலோட கதையைத் தேடணும்னா எங்கே ஆரம்பிக்கறது?

பெயரில் ஆரம்பிக்காதீர்கள், ஐ.எம்.ஓ. எண்ணைப் பிடியுங்கள். ஒரே பெயரில் பல கப்பல்கள் இருந்திருக்கும், ஒரு கப்பலுக்குப் பல பெயர்கள் இருக்கும். எண்ணை வைத்துக் கட்டிய தளம், கட்டிய ஆண்டு, முன்பெயர்கள் எல்லாவற்றையும் கோக்கலாம். பிறகு ஒவ்வொரு பெயர்க் காலத்துக்கும் மூன்று கேள்விகள் கேளுங்கள்: சொந்தக்காரர் யார், வாடகைக்கு எடுத்தவர் யார், கொடி எது. பெரும்பாலான குழப்பங்கள் இந்த மூன்றையும் ஒன்றாகக் கலப்பதால்தான் வருகின்றன.

படங்களைப் பார்க்கும்போது புகைபோக்கியையும் தளங்களின் எண்ணிக்கையையும் நம்பாதீர்கள், அவை மாறிவிடும். கப்பலின் நீளத்தையும், பக்கவாட்டு உடல் முன்னும் பின்னும் வளைந்து ஏறும் விதத்தையும் பாருங்கள். அஸ்டோரியாவின் 2019 படத்தையும் ஸ்டாக்ஹோமின் 1948 படத்தையும் அருகருகே வைத்து நீர்மட்டத்துக்குச் சற்று மேலே உள்ள கோட்டை மட்டும் பின்தொடர்ந்தால், எங்கே பழையது நின்று எங்கே புதியது தொடங்குகிறது என்று உங்களுக்கே பிடிபட்டுவிடும்.